கைபடாத கைமுறுக்கு

கொண்டை ஊசி எங்கிருந்து வருகிறது என்று ஐம்பத்திரண்டு நிமிடத்துக்கு நான் ஒரு ஆவணப்படம் எடுத்திருக்கிறேன். அதை முழுதாகப் பார்த்தவர்கள் நாற்பது பேர். அதில் மூன்று பேர் அதற்காகச் சம்பளம் வாங்கியவர்கள். நான் அசரவில்லை. துடைப்பம், நைலான் கயிறு, காது குடையும் பஞ்சுக்குச்சி என்று வரிசையாக எடுத்துக்கொண்டே போனேன். ‘இது எங்கிருந்து?’ என்பது தொடரின் பெயர். யாரும் கேட்காத கேள்விக்கு மெனக்கெட்டுப் பதில் சொல்கிறீர்கள் என்பாள் என் மனைவி. அவள் சொல்வதில் தப்பில்லை.

பதின்மூன்றாவது படத்துக்கு முறுக்கை எடுத்துக்கொண்டதற்குக் காரணம் ஒரு பாக்கெட். ‘அசல் கைமுறுக்கு. ஏழு சுற்று. கைபடாதது’ என்று அதன்மேல் அச்சிட்டிருந்தார்கள். கடையில் அவசரமாக வாங்குகிறவருக்கு இதில் ஒன்றும் தோன்றாது. எனக்குத் தோன்றியது. என் பிழைப்பு அப்படி.

பாக்கெட்டைப் பிரித்து, வேம்புவின் தொடுமானியை அதன்மேல் பிடித்தேன். வேம்பு என் கேமராமேன். பதினொரு வருடமாக என்னோடு இருக்கிறான், அதில் மொத்தமாக ஒரு மணி நேரம் பேசியிருப்பான். தொடுமானியின் திரையில் ‘தொட்டவர் எவருமில்லை’ என்று வந்தது. ஒரு முறுக்கை எடுத்துத் திரும்ப வைத்தேன். உடனே என் பெயர், வயது, ‘நான்கு விநாடி’ என்று காட்டியது. ஆக, கருவியில் கோளாறு இல்லை.

தொழிற்சாலை திருச்சியிலிருந்து திண்டுக்கல் போகும் சாலையில் இருந்தது. மேலாளர் சுகவனம் எங்களைச் சந்தனப் பொட்டோடும் மூன்று வகைக் காபியோடும் வரவேற்றார். கேமராவுக்கு முன்னால் உட்காரவைத்து, எல்லாருக்கும் தெரிந்ததையே தெரியாதவனுக்குச் சொல்வதுபோல் சொல்லச் சொன்னேன். அவருக்கு அது பிடித்திருந்தது.

"நம்ம தோல் இருக்கு பாருங்க சார், அது எதைத் தொட்டாலும் ஒரு கையெழுத்துப் போட்டுட்டு வந்துடும். கழுவினாலும் போகாது. எண்ணெய்ல பொரிச்சாலும் போகாது. யார் தொட்டா, எப்போ, எவ்வளவு நேரம், எல்லாத்தையும் தொடுமானி சொல்லிடும். அந்தக் காய்ச்சல் வந்துட்டுப் போனதுலருந்து ஜனங்க ‘கைபடாதது’ங்கற முத்திரை இல்லாம ஒரு கடலை மிட்டாய்கூட வாங்கறதில்ல."

காய்ச்சல் வந்துபோய்ப் பதினைந்து வருடம் ஆகிறது. காய்ச்சல் போய்விட்டது, அருவருப்பு தங்கிவிட்டது.

"அப்போ மெஷின் முறுக்குன்னே போடலாமே. எதுக்குக் கைமுறுக்கு?" என்று கேட்டேன்.

"மெஷின் முறுக்குன்னா எல்லாம் ஒரே மாதிரி இருக்கும் சார். ஒண்ணு கோணலா, ஒண்ணு குண்டா இருந்தாத்தான் வீட்டுப் பலகாரம் மாதிரி இருக்கும். ஜனங்களுக்குக் கைமுறுக்கு வேணும். கைதான் வேண்டாம்."

கண்ணாடி அறைக்குள் ஒரு இரும்புக் கை முறுக்குச் சுற்றிக்கொண்டிருந்தது. மாவை இழுத்து, திருகி, வட்டமாக வைத்தது. ஒரு முறுக்குக்கு இரண்டு நிமிடம். நாளைக்கு நாற்பதாயிரம் முறுக்குப் போகிறது என்று சுகவனம் சொல்லியிருந்தார். எனக்குக் கணக்கு வராது என்பது என் முகத்திலேயே எழுதியிருக்கும்போல.

சாயங்காலம் லாட்ஜில் வேம்பு எடுத்ததைப் போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தான். பாக்கெட் முறுக்குகளை மேசைமேல் பரப்பி எடுத்திருந்த காட்சி. திடீரென்று நிறுத்தினான்.

"சார், இது பீச்சாங்கை முறுக்கு."

பார்த்தேன். ஒன்பது முறுக்குகளில் திருகல் ஒரு பக்கமாக ஓடியது. ஒன்றில் மட்டும் எதிர்ப்பக்கம்.

"மெஷினுக்கு எது சார் பீச்சாங்கை?" என்றான் வேம்பு. அந்த மாதத்துக்கான பேச்சு அதோடு முடிந்தது.

மறுநாள் தொழிற்சாலை வாசலுக்கு எதிரே நின்றோம். ஷிப்ட் முடிந்து இரண்டு கம்பெனி பஸ்கள் வெளியே வந்தன. உள்ளே அறுபது பெண்களாவது இருப்பார்கள். பஸ்ஸின் முன்கண்ணாடியில் ‘தோட்டப் பராமரிப்பு’ என்று ஒட்டியிருந்தது. அந்த வளாகத்தில் நான் பார்த்த தோட்டம் நான்கு தொட்டி குரோட்டன்ஸ்.

முன்னால் போன பஸ் சாலை முனையில் நின்று ஒரு பெண்ணை இறக்கிவிட்டது. முப்பது, முப்பத்திரண்டு வயது இருக்கும். நேராக எங்களிடம் வந்தாள்.

"முறுக்குப் படம் எடுக்கறது நீங்கதானா சார்?"

தன் பெயர் சகாயராணி என்றாள். கைப்பையை இடது கையில் பிடித்திருந்தாள். நான் அந்தக் கையைப் பார்த்துவிட்டு, "உங்களுக்கு இடதுகைப் பழக்கமா?" என்று கேட்டேன்.

சட்டென்று கையை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டாள். "வெளியில சொல்லிடாதீங்க சார். பீச்சாங்கையில சுத்தினதுன்னு தெரிஞ்சா ஒருத்தரும் வாயில வைக்க மாட்டாங்க."

அறுபது பேரின் கைபட்ட முறுக்கு ஊரெல்லாம் கைபடாததாக விற்கிறது. அவளுடைய கவலை அதுவல்ல. நான் அங்கேயே அவளை நம்பிவிட்டேன்.

டீக்கடையில் உட்கார்ந்து முழுக்கதையும் சொன்னாள். மாதத்தின் முதல் திங்கட்கிழமை கம்பெனியில் ஒரு ஊசி போடுவார்கள். அதைப் போட்டுக்கொண்டால் தோல் கையெழுத்துப் போடுவதை நிறுத்திவிடும். தொடலாம், பிசையலாம், சுற்றலாம், எதிலும் ஒன்றும் ஒட்டாது.

"நாலு வருஷமாப் போட்டுக்கறேன் சார். மூணாவது ஊசியோட போன் என்னை மறந்துடுச்சு. ரேஷன் கடைப் பலகையில கைய வெச்சா, ஆளே இல்லைங்குது. அதெல்லாம்கூடப் பரவாயில்ல. அக்கம்பக்கத்துல யாராவது வெச்சுக் குடுத்துடுவாங்க."

"அப்போ எதுதான் கஷ்டம்?"

அவளுக்கு ஆறு வயதில் ஒரு மகள், ஜோவிதா. கணவன் சேவியர் இரண்டு வருடத்துக்கு முன்னால் பிரிந்துபோய்த் தன் அக்கா வீட்டோடு இருக்கிறான். அக்காவுக்குப் பிள்ளை இல்லை. இப்போது ஜோவிதாவைக் கேட்டு வழக்குப் போட்டிருக்கிறான். நீதிமன்றம் வழக்கப்படி குழந்தைக்கு அரவணைப்புச் சோதனை செய்தது. மூன்று வருடத்தில் குழந்தையை யார் யார் எவ்வளவு தொட்டிருக்கிறார்கள் என்று தொடுமானி வைத்துப் பார்ப்பார்கள். யார் அதிகமாகத் தொட்டிருக்கிறாரோ அவர்தான் வளர்த்தவர்.

"நூத்துக்கு டீச்சர் பதினொண்ணு. ஞாயித்துக்கிழமை பிரியாணி வாங்கிக் குடுக்கற அவரு ஒன்பது. ஆட்டோக்கார அண்ணன் நாலு. நான் பூஜ்யம்." சகாயராணி டீ கிளாஸைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "குளிப்பாட்டி, சோறு ஊட்டி, ரெண்டு அடி போட்டு, அப்புறம் கட்டிப் பிடிச்சு வளர்த்த பிள்ளை சார். அவளை யாருமே வளர்க்கலைங்குது அந்த மெஷின்."

"ஊசியப் பத்திச் சொன்னீங்களா?"

"வக்கீல் சொன்னாரு. கம்பெனி மறுத்து லெட்டர் குடுத்துடுச்சு. நான் தோட்டக்காரியாம். அவரோட வக்கீல், நான் பிள்ளையத் தொடவே அருவருப்புப்பட்டு எப்பவும் கையுறை போட்டுக்கறவன்னு எழுதிக் குடுத்திருக்காரு. நேர்ல தொட்டுக் காட்டினாலும், கையில எதையோ பூசிட்டு வந்திருக்கேம்பாரு."

ஊசியை நிறுத்தலாமே என்று கேட்டேன். நிறுத்தினால் கை திரும்பி வர ஆறு மாதம் ஆகுமாம். வழக்கு அடுத்த வியாழக்கிழமை.

"நான் முறுக்குச் சுத்தறத எடுங்க சார். எடுத்த எடத்துலயே தொடுமானிய வெச்சுக் காட்டுங்க. ஜட்ஜய்யா ஒரு தடவை பார்த்தாப் போதும்."

எடுக்கிறேன் என்றேன். இவ்வளவு நல்ல படம் என் வாழ்க்கையில் இதற்கு முன்னால் டீக்கடையில் வந்து உட்கார்ந்ததில்லை.

ஞாயிற்றுக்கிழமை சுகவனம் லீவு. கண்காணிப்பாளர் லூர்து அக்கா பின்வாசல் வழியாக எங்களை உள்ளே விட்டார். இரும்புக் கை இருந்த கண்ணாடி அறைக்குப் பின்னால் ‘தோட்டக் கருவிகள்’ என்று எழுதிய கதவு. அதற்குள் அறுபது பெண்கள் வெள்ளைத் துணி விரித்து உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் ஒரு பாட்டில் மூடி, அதைச் சுற்றி விரல்கள் மாவைத் திருகிக்கொண்டே போகின்றன. ஒரு முறுக்குக்கு இருபது விநாடிகூட ஆகவில்லை. பேச்சு, சிரிப்பு, யாரோ ஒருத்தியின் மாமியாரைப் பற்றிய கிண்டல் எல்லாம் நடந்துகொண்டிருந்தது. நாங்கள் நுழைந்ததும் நின்றது.

"சகாயம் பிள்ளைக்காக இந்த ஒரு தடவை," என்றார் லூர்து அக்கா. "கோர்ட்டுல காட்டறதுக்கு மட்டும். டிவியில வந்துச்சுன்னா இங்க அறுபது அடுப்பு அணைஞ்சிடும். எங்க மூஞ்சி வரக்கூடாது. சரிதானே தம்பி?"

நான் தலையாட்டினேன். தலையாட்டுவது வாக்குக் கொடுப்பது ஆகாது என்று அப்போதே மனதுக்குள் சொல்லிக்கொண்டேன்.

சகாயராணி ஒரு முறுக்குச் சுற்றினாள். வேம்பு தொடுமானியைப் பிடித்தான். எவருமில்லை. அவள் எழுந்து வந்து கேமராவின்மேல் உள்ளங்கையை வைத்தாள். வேம்புவின் பெயர் மட்டும் வந்தது. என் சட்டைக் கையைப் பிடித்தாள். என் பெயரும் என் மனைவியின் பெயரும் வந்தன. அவள் பிடியின் சூடு என் கையில் இருந்தது, அவள் அங்கே இல்லை. இது கொடுமை என்று தோன்றியது. கூடவே, நல்ல காட்சி என்றும் தோன்றியது. படம் எடுக்கிறவனுக்கு இரண்டும் சேர்ந்தேதான் வரும்.

புதன்கிழமை சகாயராணி பக்கத்து வீட்டுப் போனிலிருந்து கூப்பிட்டாள். எடுத்ததை வாங்க வக்கீலே நேரில் வருகிறார் என்றாள்.

இந்த இடத்தில் என் தொழிலின் ஒரு வழக்கத்தைச் சொல்ல வேண்டும். எடிட் செய்யாத படத்தை நாங்கள் வெளி ஆளுக்குக் காட்டுவதில்லை. அது பாதி வெந்த சோற்றைப் பரிமாறுவது மாதிரி. வெளியே போனால் எவனாவது எடுத்துப் போட்டுவிடுவான், படம் வருவதற்கு முன்னாலேயே செத்துவிடும். இருபத்திரண்டு வருடத்தில் ஒருமுறைகூட நான் இதை மீறியதில்லை. இதைப் பெருமையாகப் பல மேடைகளில் சொல்லியிருக்கிறேன்.

"இன்னும் சவுண்டுகூடப் பார்க்கலைம்மா," என்றேன். "ரெண்டு வாரம் குடுங்க. வக்கீலை வாய்தா வாங்கச் சொல்லுங்க. அவங்களுக்கு அதுதானே வேலை."

"நீங்க எடுத்தது அப்படியே போதும் சார்."

"உங்களுக்கு நல்லா வரணும்னுதான் சொல்றேன்."

அவள் சரி என்று வைத்துவிட்டாள். வக்கீல் இரண்டு முறை கூப்பிட்டார். நான் பின்னணி இசைக்காரரோடு பேசிக்கொண்டிருந்தேன்.

வியாழக்கிழமை நீதிபதி வாய்தா கொடுக்கவில்லை. ஜோவிதா அப்பாவிடம் போனாள். சகாயராணி ‘தொடர்பற்றவர்’ என்று தீர்ப்பில் எழுதினார்கள். தொடர்பற்ற ஒருவர் திடீரென்று தொட்டால் பிள்ளையின் மனநிலை கெடும் என்பது விதி. அதனால் ஒரு வருடத்துக்கு அவள் மகளைத் தொடக் கூடாது. ஞாயிற்றுக்கிழமை அரை மணி நேரம் குழந்தை நல அலுவலகத்தில் கண்ணாடிக்கு இந்தப் பக்கமிருந்து பார்க்கலாம். தொடவில்லை என்பதை உறுதிசெய்ய வாராவாரம் குழந்தைக்குத் தொடுமானிச் சோதனை. ஒருமுறை அவள் பெயர் வந்தாலும் பார்க்கும் உரிமையும் போய்விடும்.

என் தப்புதான். வேறு யாரையும் கைகாட்டி நான் தப்பிக்க முடியாது. அந்த இரண்டு வாரமும் எனக்குத் தூக்கம் வரவில்லை. ஆனால் எடிட்டிங் நன்றாக வந்தது.

பதினாறாம் நாள் காலை படத்தை எடுத்துக்கொண்டு அவளைப் பார்க்கப் போனேன். வேம்புவும் வந்தான். மாதா கோயிலுக்குப் பக்கத்தில் வரச்சொல்லியிருந்தாள். அங்கேதான் ஜோவிதாவின் பள்ளிக்கூடமும் இருந்தது.

"அப்பீல் போகலாம்," என்றேன் போனதும். "இதைப் பார்த்தா எந்த ஜட்ஜும் அசந்துடுவார். அடுத்த வெள்ளிக்கிழமை ஒளிபரப்பு. நாடே உங்க பக்கம் நிக்கும்."

"வேண்டாம் சார். இந்தப் படம் வெளியே வரக்கூடாது."

என்மேல் கோபம் என்று நினைத்தேன். மன்னிப்புக் கேட்டேன்.

"கோபம் இருக்கு சார், ரொம்ப இருக்கு. அதை அப்புறம் வெச்சுக்கலாம். இப்போ ஒரு அஞ்சு நிமிஷம் இப்படி ஓரமா நில்லுங்க."

எட்டு மணிக்கு ஒரு ஆட்டோ வந்தது. ஆறு வயதுப் பெண் பையோடு குதித்து இறங்கினாள். தலை கலைந்து பறந்தது. ஆட்டோ திரும்பிப் போகும்வரை பள்ளி வாசலில் நின்றாள். பிறகு ஒரே ஓட்டமாக மாதா கோயில் பக்கவாட்டுத் தாழ்வாரத்துக்கு வந்து சகாயராணியின் மடியில் விழுந்தாள்.

சகாயராணி அவளை இறுக்கிக் கட்டிக்கொண்டாள். கன்னம், காது, கழுத்து என்று முகர்ந்து முத்தம் கொடுத்தாள். பிறகு சீப்பை எடுத்து, நேர்வகிடு எடுத்து, எண்ணெய் தொட்டுத் தடவி, சடை பின்னிவிட்டாள். டப்பாவைத் திறந்து இரண்டு இட்லி ஊட்டினாள். எட்டு நாற்பதுக்கு மணி அடித்தது. பிள்ளை வாயைத் துடைத்துக்கொண்டு பள்ளிக்கூடத்துக்கு ஓடினாள். கோயில் காவலாளி எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டுதான் இருந்தார்.

"அவர் சொல்லிட்டார்னா?" என்றேன்.

"சொன்னா பிள்ளைய வெச்சுச் சோதிப்பாங்க. என் பேரு வருமா? தொடுமானி வந்தப்புறம் மனுஷன் கண்ணால பார்த்தத யாரு சார் நம்புறா?" அவள் சீப்பில் சுற்றிய முடியை எடுத்து முந்தானையில் முடிந்துகொண்டாள். "உங்க படம் வந்துச்சுன்னா, பூஜ்யம்னா தொடலைன்னு அர்த்தமில்லைன்னு ஊருக்கே தெரிஞ்சிடும். அப்புறம் பிள்ளைக்குக் காவல் போட்டுடுவாங்க. அப்பீல் முடிய மூணு வருஷம்னு வக்கீல் சொல்றாரு. அதுக்குள்ள அவ என்னை மறந்துட்டா? இப்போ தினமும் நாப்பது நிமிஷம் கிடைக்குது."

"அப்போ ஊசி?"

"போட்டுக்கிட்டே இருக்கணும். முறுக்கும் சுத்திக்கிட்டே இருக்கணும். ஒரு வருஷம் கை சுத்தமா இருந்தாத் தொடறதுக்கு அனுமதி கேக்கலாமாம். அது வந்தப்புறம்தான் ஊசிய விடணும்."

வேம்பு படம் இருந்த பெட்டியை என் கையிலிருந்து வாங்கித் தன் பைக்குள் போட்டுக்கொண்டான். பிறகு அதை நான் பார்க்கவில்லை, கேட்கவுமில்லை.

வெள்ளிக்கிழமை இரும்புக் கை முறுக்குச் சுற்றும் படம்தான் ஒளிபரப்பானது. ‘மாவு பிசைவதிலிருந்து பாக்கெட் ஒட்டுவதுவரை இதில் மனிதக் கை படுவதில்லை’ என்று என் குரலில் நானே சொல்லியிருக்கிறேன். ஒரே டேக்கில் ஓகே ஆனது. இரண்டு லட்சம் பேர் பார்த்தார்கள். சுகவனம் ஒரு பெட்டி முறுக்கு அனுப்பியிருந்தார். லூர்து அக்கா ஒன்றும் அனுப்பவில்லை, அதுவே எனக்குப் போதும் என்றிருந்தது.

அடுத்து தொடுமானி எங்கிருந்து வருகிறது என்று ஒரு படம் எடுப்பதாகச் சொல்லிக் குழந்தை நல அலுவலகத்தில் அனுமதி வாங்கினேன். சோதனை எப்படி நடக்கிறது என்று தெரிந்துகொள்ளாமல் எனக்கு நிம்மதி இல்லை. அலுவலர் அமிர்தகலா சந்தோஷமாகச் சம்மதித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை வரச்சொன்னார். ஜோவிதாவுக்கு அது எட்டாவது சோதனை.

பிள்ளை ஸ்டூலில் உட்கார்ந்திருந்தாள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சகாயராணி, கைகளை மடியில் வைத்துக்கொண்டு. இரண்டு பக்கமும் பேச்சுக் கேட்க ஒரு மைக் வைத்திருந்தார்கள். ஜோவிதாவின் வகிடு நூல் பிடித்ததுபோல் நேராக இருந்தது. ஞாயிற்றுக்கிழமை காலைப் பூசைக்கு அத்தையோடு கோயிலுக்கு வந்து, நடுவில் தாழ்வாரத்துக்கு நழுவிவிடுகிறாள் என்று எனக்குத் தெரியும்.

அமிர்தகலா தொடுமானியைத் தலையிலிருந்து கால்வரை மெதுவாக இறக்கினார். "அப்பா மூணு. அத்தை அஞ்சு. டீச்சர் ரெண்டு. அம்மா..." கேமராவைப் பார்த்துச் சிரித்தார். "பூஜ்யம். எட்டு வாரமா ஒரு விரல்கூடப் படலை சார். எவ்வளவு கட்டுப்பாடு பாருங்க." மைக் பக்கம் குனிந்து, "உங்களைத்தாம்மா சொல்றேன். எல்லாப் பெத்தவங்களும் உங்களைப் பார்த்துக் கத்துக்கணும்," என்றார்.

"சரிங்க மேடம்," என்றாள் சகாயராணி.

"சடை அழகா இருக்கே. யாரு பாப்பா பின்னிவிட்டா?"

ஜோவிதா என்னைப் பார்த்தாள், கேமராவைப் பார்த்தாள். "நானே பின்னிக்கிட்டேன்," என்றாள். நன்றாகச் சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

அமிர்தகலா தலையை ஆட்டியபடி பேனாவை எடுத்தார். எல்லாம் முடிந்தது என்று நான் மூச்சு விட்டேன். அப்போது ஜோவிதா ஸ்டூலிலிருந்து இறங்கிப் போய்க் கண்ணாடியில் மூக்கை ஒட்டினாள்.

"அம்மா, நாளைக்கு ரெட்டைச் சடை போட்டு மடிச்சுக் கட்டிவிடும்மா. இன்னிக்குப் போட்டது ரொம்ப இறுக்கம், வலிக்குது."

மைக் ஒரு சொல் விடாமல் எடுத்துக் கொடுத்தது. சகாயராணி மடியிலிருந்த கைகளை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டாள். வேம்புவின் விரல் கேமரா பொத்தானில் நின்றுவிட்டது. இதுவும் என்னால்தான் என்று ஏனோ தோன்றியது.

அமிர்தகலா எழுதுவதை நிறுத்தினார். பிள்ளையைப் பார்த்தார். அந்தச் சடையை, நுனிவரை, நிதானமாகப் பார்த்தார். பிறகு தொடுமானியை எடுத்துத் தலைமுடியின்மேல் இன்னொருமுறை ஓட்டினார். திரையைப் பார்த்தார். அவர் முகம் இளகியது.

"பாவம் சார், பிள்ளை அம்மா ஞாபகமாவே இருக்கு," என்றார். பேனாவைத் திரும்ப எடுத்து, ‘குழந்தைக்குக் கற்பனை அதிகம்’ என்று எழுதி, தேதியிட்டுக் கையெழுத்துப் போட்டார்.